ஊமைப் படத்து அண்ணன் தங்கச்சி

ராஜபாளையத்தில் ஊமைப்படக் கொட்டகை போட்டிருந்த சமயம், என்னைப் பெண் பார்க்க ஸ்ரீவில்லிபுத்தூரிலிருந்து வந்தார்கள். வீட்டுக்கு இல்லை, கொட்டகைக்கு. வீட்டுக்கு வந்து வேண்டாம் என்று போனால் தெருவே பேசும். சினிமாவில் பார்த்தால் யாருக்கும் தெரியாது என்பது எங்கம்மா யோசனை.

ஆம்பளைகள் ஒரு பக்கம், பொம்பளைகள் ஒரு பக்கம், நடுவில் இடுப்பளவு மண்சுவர். அந்தப் பக்கம் மாப்பிள்ளை. இந்தப் பக்கம் நான், அம்மா, அவருடைய அம்மா.

"எம்மகன் ரொம்ப அடக்கம். அவன் சிரிச்சு நானே பாத்ததில்ல" என்று அந்த அத்தை பெருமையாகச் சொன்னார்கள்.

சிரிக்காத மனுஷனோடு ஆயுசு பூராவும் எப்படிக் குடித்தனம் பண்ணுவது? மாட்டேன் என்று சொல்ல எனக்கு வாயும் கிடையாது.

பெரிய படத்துக்கு முன்னால் ஒரு துண்டுப் படம் போட்டார்கள். திரைக்குப் பக்கத்தில் குச்சியோடு நின்று ஒருத்தர் கதை சொல்லுவார். முந்தின வாரம் அவர் காதல் என்று சொல்லப்போய், ஊர்ப் பெரியவர்கள் கொட்டகையைப் பிரிக்க வந்துவிட்டார்களாம். அதிலிருந்து, யார் ஜோடியாக வந்தாலும் அவருக்கு அண்ணன் தங்கச்சிதான்.

கிணற்றடியில் ஒருத்தி. ஒருத்தன் வந்து அவளையே பார்த்தான். அவளும் பார்த்தாள். குடம் நிரம்பி வழிந்தது.

"அண்ணன் ரங்கூன்லேருந்து வந்திருக்காரு" என்றார் கதை சொல்கிறவர். அவன் அவள் கன்னத்தைத் தொட்டான். "தங்கச்சிக்குக் காய்ச்சலான்னு தொட்டுப் பாக்காரு." அப்புறம் அவன் முகத்தை அவள் முகத்துக்கிட்டே கொண்டுபோனான். குச்சி அந்தரத்தில் நின்றது. பொறவு, "கண்ணுல தூசி. ஊதி விடுறாரு" என்றார்.

சுவருக்கு அந்தப் பக்கம் ஒருத்தர் கெக்கேயென்று சிரித்துவிட்டார். பார்த்தால் மாப்பிள்ளை. துண்டால் வாயைப் பொத்தியும் தோள் குலுங்குகிறது. எனக்கும் பொத்துக்கொண்டு வந்தது, முந்தானையைக் கடித்தேன். அவர் திரும்பி என்னைப் பார்த்தார். பொறவு திரைப் பக்கம் திரும்பவே இல்லை.

"என்ன மதினி, பொண்ணு இம்புட்டுப் பல்லைக் காட்டுது?" என்றார்கள் அத்தை.

"காட்டட்டும். சொத்தை இருக்கான்னு நீங்களும் பாத்துக்கிடலாம்ல" என்றாள் அம்மா.

அத்தை சுவருக்கு மேலே எட்டிப் பார்த்தார்கள். "ஏலே, திரை அங்கிட்டு இருக்கு."

அவர் அசையவில்லை.

"சரி மதினி, வாற வெள்ளிக்கிழமையே வெத்தலை பாக்கு மாத்திருவோம்" என்றார்கள் அத்தை. "இவன இனி அடக்கி வைக்க ஏலாது."

என்னை யாரும் கேட்கவில்லை. நானாகத்தான் தலையை ஆட்டினேன்.