டாக்டரம்மா வாசித்த வசனம்

டாக்டரம்மாவின் மனநல மருத்துவப் புத்தகத்துக்குக் கறுப்பு அட்டை. பக்க ஓரங்களில் சிவப்புச் சாயம் ஏற்றியிருக்கும். மாதம் ஒருமுறை சேலத்திலிருந்து பஸ்ஸில் மலையேறி வருவார். தோளில் மாத்திரைப் பை, மார்போடு அணைத்தபடி இந்தப் புத்தகம். ஏற்காட்டில் சர்ச்சுக்குப் பக்கத்து ஹாலில் ஒரு மேசையைப் போட்டு உட்கார்ந்து நோயாளிகளைப் பார்ப்பார். கறுப்பு அட்டை, சிவப்பு ஓரம், சர்ச் ஹால். எங்கள் குடும்பம் அதை வேதாகமம் என்று நினைத்துக்கொண்டதற்கு இவ்வளவு காரணம் போதாதா?

அந்தப் புத்தகத்தின் பிந்தைய பதிப்பு ஒன்று இப்போது என் மேசைமேல் இருக்கிறது. சேலத்தில் ஒரு மருத்துவமனையில் மனநல ஆலோசகராக இருக்கிறேன். இந்த மாதிரிப் புத்தகங்களோடுதான் என் பிழைப்பு. பிரசவத்துக்குப் பிறகு தாய்மாருக்கு வரும் மனநோய் பற்றிய அத்தியாயத்தை எத்தனையோ தடவை புரட்டிவிட்டேன். பழைய பதிப்பையும் தேடிப்பிடித்து வாசித்தாகிவிட்டது. அன்றைக்கு டாக்டரம்மா எங்களுக்கு வாசித்துக் காட்டிய வரிகளில் பாதி அதில் இல்லை. இருப்பதெல்லாம் 'பெரும்பாலும்', 'சிலருக்கு', 'தக்க சிகிச்சை கிடைத்தால்' என்று தயங்கித் தயங்கிப் பேசும் வாக்கியங்கள். தொழில் தெரிந்தவள் என்ற முறையில் அவர் செய்தது எனக்கு உறுத்தத்தான் செய்கிறது. அந்த வீட்டுப் பெண் என்ற முறையில் அவர் கையைப் பிடித்துக் கண்ணில் ஒற்றிக்கொள்ள வேண்டும் போலிருக்கிறது. இரண்டில் எதையும் என்னால் விட முடியவில்லை.

அப்பா தலைச்சோலைப் பக்கம் ஒரு காபி எஸ்டேட்டில் கணக்கெழுதும் ரைட்டர். தம்பி பிறந்தது பழம் பறிக்கும் காலத்தில். எஸ்டேட் முழுக்க விடிந்ததும் வேலைக்குக் கிளம்பிப் போய்விட, அம்மா மட்டும் வீட்டில் சுவரைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருப்பாள். தலை வாருவதில்லை, குளிப்பதில்லை. தம்பி பசித்து அழுவான். அம்மாவின் ரவிக்கை பாலில் நனைந்து கிடக்கும். ஆனாலும் கை நீட்டி அவனைத் தூக்கமாட்டாள். யாராவது தூக்கிக்கொண்டு வந்து மடியில் போட்டால் உடம்பெல்லாம் நடுங்கும். ஒருநாள் அப்பாவிடம், "இவனை யாராச்சும் கொண்டு போயிருங்க. எங்கையில இருந்தா ஏதாச்சும் ஆயிரும்" என்றாள். அதை நானும் கேட்டேன், பக்கத்து வீட்டுக்காரர்களும் கேட்டார்கள். பெற்றவளே பிள்ளையை வேண்டாம் என்கிறாள் என்ற பேச்சு எஸ்டேட் முழுக்கப் பரவிவிட்டது. போதகர் வந்து ஜெபம் செய்தார். சிலர் காத்துக் கருப்பு என்றார்கள். அப்பா யார் முகத்தையும் பார்க்காமல் வேலைக்குப் போய்வந்தார்.

செம்மநத்தத்திலிருந்து அத்தை வந்தாள். அத்தை அப்பாவின் அக்கா. கல்யாணமாகி வெகுகாலமாகியும் பிள்ளை இல்லை. பை நிறையக் குழந்தைச் சட்டைகள் கொண்டுவந்திருந்தாள். இவனுக்காகப் புதிதாகத் தைத்தது என்று சொன்னாள், ஆனால் ஒவ்வொரு மடிப்பிலும் பாச்சை உருண்டை வாசனை அடித்தது. எந்தக் குழந்தையை நினைத்து எப்போது தைத்து வைத்தாளோ, பாவம். ஞானஸ்நானம் கொடுத்த கையோடு தம்பியை அத்தையே எடுத்துக்கொண்டு போய் வளர்ப்பது என்று பேசி முடிவாயிற்று. போனால் போனதுதான், திரும்பி வரமாட்டான் என்பது எனக்கே புரிந்தது. அத்தை அவனைக் கீழே விடாமல் வைத்துக்கொண்டிருந்தாள். அந்த முகத்தில் அப்படி ஒரு வெளிச்சத்தை அதற்கு முன் நான் பார்த்ததில்லை.

இதற்கு நடுவில்தான் பிரசவம் பார்த்த நர்ஸ் ஒருவர், சர்ச் ஹாலுக்கு வருகிற டாக்டரம்மாவிடம் ஒருதடவை காட்டிவிடுங்கள் என்று அப்பாவிடம் சொன்னார். எல்லோருமாகப் போனோம். என்னை விட்டுவிட்டுப் போக ஆளில்லாததால் நானும். டாக்டரம்மா அவசரமே படவில்லை. பிறகு மெதுவாக, "புள்ளையைப் பார்த்தா என்ன தோணுதுங்க?" என்று கேட்டார். அம்மா அதே பதிலைச் சொன்னாள். "எங்கையில இருந்தா ஏதாச்சும் ஆயிருமுங்க."

டாக்டரம்மா எதையோ சரிபார்க்கப் புத்தகத்தைத் திறந்தார். அவ்வளவுதான். அப்பா எழுந்து நின்று தலையில் சுற்றியிருந்த மஃப்ளரை உருவினார். அத்தை முந்தானையை இழுத்துத் தலையில் போட்டுக்கொண்டு குனிந்தாள். நானும் ஞாயிறு பள்ளியில் சொல்லிக்கொடுத்தபடி கைகளைக் கோத்துக் கண்ணை மூடினேன். ஒரு கண்ணை மட்டும். திறந்திருந்த கண்ணால் பார்த்தேன்: டாக்டரம்மா நிமிர்ந்து எங்கள் எல்லோரையும் ஒரு சுற்றுப் பார்த்தார். சிரிக்கவில்லை. விரலை ஒரு வரியில் வைத்து, தமிழில், நிறுத்தி நிறுத்தி வாசிக்க ஆரம்பித்தார்.

"பிள்ளை பெற்றவளுக்கு இப்படி ஒரு நோய் வருவதுண்டு. அது அவள் குற்றம் அல்ல, அவள் வீட்டார் குற்றமும் அல்ல. அவள் பிள்ளையை வெறுக்கவில்லை. தன்னால் அதற்குக் கெடுதல் வந்துவிடுமோ என்று பயப்படுகிறாள். வேண்டாதவளுக்கு இந்தப் பயம் வராது. அவளையும் பிள்ளையையும் பிரிக்க வேண்டாம். அவளைத் தனியே விடவும் வேண்டாம். அவள் குணமடைவாள்."

"ஆமென்" என்றாள் அத்தை. அப்பாவும் சொன்னார். பிறகு அத்தை முந்தானையை விலக்கி, "ஏனுங்க டாக்டரம்மா, இது எந்த அதிகாரமுங்க?" என்று கேட்டாள்.

"இது டாக்டருங்க படிக்கிற புஸ்தகமுங்க. வேதம் இல்லைங்க."

அப்பாவுக்கு முகம் சுருங்கிப்போயிற்று. அத்தை கொஞ்சமும் அசரவில்லை. "அதனால என்னங்க. நல்லாத்தான் இருக்குது. இன்னொருக்கா வாசிங்க" என்றாள். டாக்டரம்மா மறுபடி வாசித்தார். வேண்டாதவளுக்கு இந்தப் பயம் வராது என்ற இடத்தில் அம்மா தலை நிமிர்ந்தாள். பிரசவமானதிலிருந்து யாருடைய முகத்தையும் ஏறிட்டுப் பார்க்காதவள் டாக்டரம்மாவைப் பார்த்தாள், பார்த்துக்கொண்டே அழுதாள்.

மாத்திரை கொடுக்கும்போது அத்தை தயங்கித் தயங்கிக் கேட்டாள். "பிரிக்க வேண்டாமுன்னா, நான் தூக்கிட்டுப் போகக் கூடாதுங்களா?"

"இவங்க ஊட்ல வந்து இவங்களோடவே நீங்க இருக்க முடியுமுங்களா? புள்ளை இவங்க கண்ணுல பட்டுட்டே இருக்கணும். ஆனா இவங்க தனியா இருக்கக் கூடாது."

அத்தை மடியில் தூங்கிக்கொண்டிருந்த தம்பியைப் பார்த்தாள். அவன் சட்டைக் காலரை நீவிவிட்டாள். பிறகு, "இருக்கறனுங்க" என்றாள். மாமாவுக்குச் செம்மநத்தம் போகிற ஆளிடம் சொல்லி அனுப்பினாள்: மாட்டைப் பார்த்துக்கொள்ளுங்கள், சோறு நீங்களே ஆக்கிக்கொள்ளுங்கள். மாமாவுக்கு வெந்நீர் வைக்கக்கூடத் தெரியாது.

பயப்படுகிற ஒன்றைச் சிறிது சிறிதாக நெருங்கவைப்பது என்று இன்றைக்கு ஒரு சிகிச்சை முறையாக நாங்கள் படிக்கிறோம், படிகள் போட்டுச் செய்கிறோம். டாக்டரம்மா அந்த முறையைத்தான் அத்தைக்கு அன்று பக்குவமாகச் சொல்லிக்கொடுத்திருக்க வேண்டும். அத்தை புடவையை வழித்துக்கொண்டு காலை நீட்டி உட்கார்ந்து, கால்மேல் தம்பியைக் குப்புறப் போட்டுக் குளிப்பாட்டுவாள். முதலில் அம்மா கதவோரம் உட்கார்ந்து பார்த்தால் போதும். பிறகு சோப்பை எடுத்துக்கொடுத்தால் போதும். பிறகு சொம்பில் மொண்டு ஊற்றினால் போதும். நடுநடுவே அம்மா பழையபடி சுவர்ப்பக்கம் திரும்பிக்கொள்வாள். அப்பா இடிந்துபோவார். அத்தை மட்டும், "இன்னைக்கு முடியலைன்னா நாளைக்கி. புள்ளை எங்க ஓடிப்போறான், அவனுக்கு நடக்கவே தெரியாது" என்பாள். மாதாமாதம் ஹாலுக்குப் போனால், மாத்திரை வாங்கிய பிறகும் அத்தை எழுந்திருக்கமாட்டாள். "அந்த வசனத்தை வாசிச்சிருங்க, போறோம்" என்பாள். டாக்டரம்மாவும் முகம் சுளிக்காமல் புத்தகத்தைத் திறப்பார். மாதத்துக்கு மாதம் வார்த்தைகள் கொஞ்சம் மாறும். கடைசி வரி மாறியதே இல்லை.

அம்மா இப்போது நன்றாக இருக்கிறாள். தம்பி ஏற்காட்டில் ஒண்டிக்கடை ஸ்டாண்டில் ஜீப் ஓட்டுகிறான். நேரத்துக்குச் சாப்பிட வராததற்கு இன்றைக்கும் அவளிடம் வசவு வாங்குகிறான். டாக்டரம்மாவும் அத்தையும்தான் இல்லை. என் எதிரே இளம் தாய்மார் வந்து உட்கார்ந்து, "எனக்குச் சரியாயிருமுங்களா?" என்று கேட்கும்போது, புத்தகத்தில் இருப்பதைப் போலவே 'பெரும்பாலும்' என்றுதான் என் வாயில் வருகிறது. அதுதான் நியாயம், அதுதான் உண்மை. ஆனாலும் டாக்டரம்மா எந்தத் தைரியத்தில் அந்த வாக்கைக் கொடுத்தார் என்று யோசித்துக்கொண்டே இருப்பேன். மாத்திரையை நம்பியா, தன் படிப்பை நம்பியா? முந்தானையைத் தலையில் போட்டுக்கொண்டு ஆமென் சொன்னவளைப் பார்த்துவிட்டுத்தான் கொடுத்தார் என்று எனக்குத் தோன்றுகிறது. என்னிடம் வருகிற பெண்களிடம் இப்போதெல்லாம் நான் முதலில் கேட்பது, வீட்டில் கூட யார் இருக்கிறார்கள் என்பதைத்தான்.

தம்பி பிறந்து சில மாதங்கள் ஆகி, காபி பூத்திருந்த சமயம் அது. அன்றைக்கும் அத்தை தம்பிக்கு எண்ணெய் தேய்த்து, வெந்நீரை விளாவி வைத்தாள். பிறகு அம்மாவைப் பார்த்து, "எனக்கு முட்டி நொம்ப வலிக்குது கண்ணு, இன்னைக்கு நீயே காலை நீட்டு" என்றாள். அம்மா உட்கார்ந்து காலை நீட்டினாள். அத்தை அவனைத் தூக்கி அவள் கால்மேல் போட்டாள். அம்மா அத்தையின் முந்தானையைப் பிடித்துக்கொண்டாள்.

"அண்ணி, போயிராதீங்க."

"அடுப்புல சோறு பொங்குது, பாத்துட்டு வரேன்" என்று சொல்லிவிட்டு அத்தை வெளியே போனாள். அடுப்பு பற்ற வைக்கவே இல்லை என்பது எனக்குத் தெரியும். பின்னாலேயே ஓடினேன். வீட்டுக்குப் பின்புறம், விறகு அடுக்கியிருந்த இடத்தில், முந்தானையை வாயில் அடைத்துக்கொண்டு அத்தை நின்றிருந்தாள். தோள் குலுங்கியது.

"ஏனுங்க அத்தை அழுவறீங்க? அம்மாதான் தம்பியைக் குளிப்பாட்டறாங்கல்ல?"

"அதுக்குத்தான் சாமி அழுவறேன்."

உள்ளே தண்ணீர் ஊற்றும் சத்தம் கேட்டது. தம்பி வீறிட்டான். அம்மா அவனை அதட்டினாள், பிறகு கொஞ்சினாள், பிறகு மறுபடி அதட்டினாள். சற்றுப் பொறுத்து, "அண்ணி, துண்டை எடுத்துட்டு வாங்க, அவனுக்குக் குளுருது" என்று கூப்பிட்டாள்.

அத்தை முகத்தைத் துடைத்துக்கொண்டாள். கொடியில் கிடந்த துண்டை எடுத்து உதறி, என் கையில் கொடுத்தாள்.

"நீ கொண்டு போய்க் குடு. நான் போனா அவனை எங்கையில குடுத்துருவா."