பொட்டு வைச்ச தாள்

உனக்கு என்னத்துக்கடி அது இப்ப? யூனிவர்சிட்டிக்குப் போற குமர்ப்பிள்ளை, படிக்கக் கொப்பியில்லாமலோ இந்தப் பழங்கொப்பியைத் தூக்கிக்கொண்டுவந்து என்ர மடியில போடுறாய்? "அம்மம்மா, இதுக்குள்ள ஏன் உங்கட கலண்டர்த் தாள் ஒட்டியிருக்கு?" எண்டு பொலிஸ்காரன் மாதிரிக் கேள்வி வேற. ஒட்டினவள் நீ. கேள்வி எனக்கோ? சரி, இரு. அந்தப் போனைக் கவிட்டு வை முதல்ல.

அப்ப நாங்கள் இஞ்ச நியூசிலாந்தில, ஏவன்டேல்ல வாடகைக்கு இருந்தம். உனக்கு ஆறு வயசு, முன்பல்லு ரெண்டும் இல்லை. கொப்பா ஆஸ்பத்திரியில நேர்ஸ். ஒரு கிழமை பகல் வேலை, மற்றக் கிழமை இரவு வேலை. ஒருக்கால் அவருக்குப் புதன்கிழமை ஞாயிறாகும், இன்னொருக்கால் வெள்ளிக்கிழமை ஞாயிறாகும். கொம்மாவுக்கு ஞாயிற்றுக்கிழமையே ஞாயிறில்லை, கடையில வேலை. அந்த வீட்டில ஆளுக்கொரு கிழமை ஓடிச்சுது.

நீ என்ன செய்தாய்? இந்தக் கொப்பியை எடுத்து உனக்கெண்டு ஒரு கலண்டர் கீறினாய். அதில திங்கள், செவ்வாய் எண்டு ஒண்டும் இல்லை. அப்பா நித்திரை நாள், குப்பைத்தொட்டி வெளியில வைக்கிற நாள், அம்மா கத்தாத நாள். கட்டங்களும் ஒரு அளவில்லை. பார்க்குக்குப் போன நாள் ஒரு பக்கம் முழுக்க, பள்ளிக்கூட நாள் எறும்பு மாதிரி. ஒரு கிழமைக்கு அஞ்சு நாள் வரும், அடுத்ததுக்கு ஒன்பது. எல்லாம் இங்கிலீசில எழுதி எனக்கு வாசிச்சுக் காட்டுவாய். நான் மூண்டாம் வகுப்போட பள்ளிக்கூடத்துக்குப் பெரிய கும்பிடு போட்டவள். எனக்கென்ன விளங்கும்? நல்லா இருக்கெண்டு தலையை ஆட்டுவன்.

என்ர கலண்டர் வேற. ஊரில இருந்து தங்கச்சி அனுப்புறது, நாளுக்கொரு தாள் கிழிக்கிறது. குசினிச் சுவரில தொங்கும். வருசம் பிறக்க, கொம்மா உன்ர தாத்தாவின்ர திவசம் வாற தாளைத் தேடித் தருவாள். அதில நான் ஒரு சந்தனப் பொட்டு வைப்பன். பொட்டு வந்தால் திவசம். என்ர சாத்திரம் அவ்வளவுதான். எங்கட வீட்டில எல்லாரும் அந்தப் பொட்டை நம்பித்தான் இருந்தம்.

அந்த வருசம் புரட்டாசியில, இந்த ஊரில வெயில் காலத்துக்கெண்டு மணிக்கூட்டை ஒரு மணித்தியாலம் முன்னால தள்ளுற நாளுக்குப் பிறகு திவசம் வந்துது. கொப்பா கதிரையில ஏறி நிண்டு மணிக்கூட்டைத் திருப்புறார். நீ கீழ நிண்டு, "அந்த ஒரு மணித்தியாலத்தை ஆர் எடுத்தது?" எண்டு கேட்டாய்.

"கவர்மென்ட்தான். சித்திரை வருசப் பிறப்புக்குக் கிட்டத் திருப்பித் தருவினம்" எண்டன்.

"அதுவரைக்கும் எங்க வச்சிருப்பினம்?"

அது எனக்கு இண்டைக்கும் சந்தேகம்தான். நீ போய்க் கொப்பியின்ர கடைசிப் பக்கத்தில ஒரு வெறும் பெட்டி கீறினாய். எடுக்கிறதை வைக்கிற இடமாம். நான் சிரிச்சன். சிரிச்சிருக்கக் கூடாது.

பிறகு ஒருநாள் மத்தியானம் நல்ல மீன்குழம்பு வச்சு, தலையையும் நானே சூப்பிப்போட்டு, பொட்டு வர இன்னும் எத்தினை நாளெண்டு தாளைப் புரட்டினன். பொட்டைக் காணேல்லை. திரும்பிப் புரட்டினன். செவ்வாய்த் தாளைக் காலமை நான் கிழிச்சது. மேல நிக்கிறது வியாழன். புதன் எங்க? அண்டைக்கெல்லோ புதன்! திவசத்தண்டு மீன்தலை சூப்பினவள் நான் ஒருத்தியாத்தான் இருப்பன் பிள்ளை.

ஆர் எடுத்தது? எனக்கு உடன கொப்பாவிலதான் சந்தேகம். போன கிழமைதான் சொன்னவர், "மாமி, திவசம் வேலைநாளில வருது. சனிக்கிழமை வைப்பமே?" எண்டு. "செத்தவருக்கு உங்கட வேலை ரோஸ்டர் தெரியாது தம்பி" எண்டனான். ஆள் தாளைக் கிழிச்சுப்போட்டு என்னைச் சனிக்கிழமைக்குத் தள்ளப் பாக்கிறார்! அவற்ர உடுப்புப் பொக்கற்றைத் தடவினன். பேனையும் ரெண்டு ரொபி இனிப்பும். வெளியில போய், பழங்கடதாசி போடுற மஞ்சள் மூடித் தொட்டிக்குள்ள தலையை விட்டு, கடதாசி கடதாசியா எடுத்துப் பாத்தன். பக்கத்து வீட்டுச் சென்னைப் பிள்ளை வேலியால எட்டிப் பாக்குது.

"என்னம்மா தேடுறீங்க?"

"ஒரு நாளைத் தொலைச்சிட்டன், அதைத்தான்."

அந்தப் பிள்ளை கதவைச் சாத்தின சத்தம் எனக்குக் கேட்டுது.

இரவு வேலை செய்துபோட்டுப் படுத்திருந்த கொப்பா எழும்பி வர, சீனி போடாமல் தேத்தண்ணி குடுத்தன். "மாமி, சீனி முடிஞ்சுதோ?"

"ஓம் தம்பி. இந்த வீட்டில கனக்கச் சாமான் காணாமல் போகுது."

முகத்தைப் பாத்தன். ஒரு அசைவில்லை. சரியான பழங்கள்ளன் எண்டு நினைச்சன். பாவம், குடிச்சுப்போட்டுக் கோப்பையையும் கழுவி வச்சார்.

அப்பத்தான் நீ பள்ளிக்கூடத்தால வந்தாய். சப்பாத்துக் கழட்டேல்லை. நேர வந்து என்ர கண்ணை உத்துப் பாத்தாய். கிட்ட வந்து திரும்பவும் பாத்தாய்.

"அழேல்லைத்தானே?"

"நான் ஏனடி அழவேணும்?"

"அதுதான், அந்த நாள் இப்ப இல்லையே" எண்டுபோட்டுச் சிரிச்சாய். பல்லில்லாத வாய்.

கையைப் பிடிச்சு இழுத்தன். கொப்பியைக் கொண்டுவந்து காட்டினாய். கடைசிப் பக்கத்துப் பெட்டிக்குள்ள பொட்டும் தானுமா என்ர புதன்கிழமை. "தொலைக்கேல்லை அம்மம்மா. போன வருசம் நீங்க அழுதனீங்க. அதான் எடுத்து வச்சிட்டன். கவர்மென்ட் மாதிரித் திருப்பித் தருவன்."

அடிக்கத்தான் கையை ஓங்கினன். பிறகு உன்ர தலையில கிடந்த இலையை எடுத்துப் போட்டன். அழுற நாளை எடுத்துவிட்டால் அழுகையும் போயிடும் எண்டு நினைச்சிருக்கிறாய். வருசம் முழுக்க நான் பாத்துக்கொண்டிருக்கிற நாளே அதுதான் எண்டு ஆறு வயசில உனக்கு எங்கால தெரியும்? மற்ற நாளில அழுதால், என்னம்மா வருத்தமோ, மருந்துக் குளிசை போட்டனியோ எண்டு கொம்மா துருவுவாள். அண்டைக்கு மட்டும் ஒருத்தரும் ஒண்டும் கேக்காயினம்.

உள்ளதைச் சொன்னால் உனக்கு அடி. சொல்லாட்டில் செத்த மனிசனுக்குப் படையல் சோறில்லை. கொம்மா வந்தவுடன, "இந்த ஊருக்குத் திவசம் நாளைக்குத்தான்" எண்டு அடிச்சுவிட்டன். கொப்பா போனில தட்டித் தட்டிப் பாத்துப்போட்டு, "நேர வித்தியாசத்தில அப்பிடியும் வரலாம் மாமி" எண்டார். அண்டைக்கு அவற்ர தேத்தண்ணிக்கு மூண்டு கரண்டி சீனி போட்டனான்.

அடுத்த நாள் படைச்சன். நல்லா அழுதன், மீனுக்கும் சேர்த்து. நீ கண் துடைக்கிற டிஷ்யூப் பெட்டியோட பக்கத்தில இருந்து, உன்ர கலண்டர் பிழைச்சுப்போச்செண்டு முகத்தைத் தூக்கிக்கொண்டிருந்தாய்.

நாங்கள் சாப்பிடக் கூப்பிட்டு வந்த சென்னைப் பிள்ளை மெல்லக் கேட்டுது, "நேத்து குப்பைத் தொட்டியில ஏதோ நாளைத் தொலைச்சேன்னீங்களே, என்னம்மா அது?"

"அது பிள்ளை, செத்த ஆக்கள் ஊரில இருந்து இஞ்ச வந்து சேர ஒரு நாள் பிந்தும். நடுவில சிங்கப்பூரில இறங்கி ஏறவேணுமெல்லோ? அந்த நாளைத்தான் தேடினனான்" எண்டன்.

"ஆமாம்மா, கரெக்டுதான்" எண்டு அது வடையைக் கடிச்சுது. கடிச்சுப்போட்டுச் சும்மா இருந்துதோ? போன மாசம் ஹில்ஸ்பரோவில இருந்து முன்பின் தெரியாத ஒரு மனிசி போன் எடுத்து, "அம்மா, நியூசிலாந்துக் கணக்குப்படி எங்கட மாமான்ர திவசம் எண்டைக்கு?" எண்டு கேக்கிறா. நான் போனுக்குக் கேக்க ஒண்டு, ரெண்டு எண்டு விரல் மடிச்சுப்போட்டு, "ஒரு நாள் தள்ளி வையுங்கோ" எண்டன்.