வெயிலில் ஓடிய வைப்பர்

எதெல்மார் பிரிதோஸ் பேருந்து ஓட்டிய இருபது வருஷமும் அவரைப் பற்றிச் சொல்ல யாரிடமும் ஒரு கதை கிடையாது. அவர் விரும்பியதும் அதைத்தான். லா தேஹா பேட்டையில் கிளம்புவார். பாலம் தாண்டி, ஜூலை பதினெட்டு என்று பெயர் வைத்த பெரிய சாலையில் ஏறி, பழைய நகரத்தில் ஆட்களை இறக்கிவிட்டு வந்த வழியே திரும்புவார். வண்டி ஒரு கிழட்டு லேலண்ட். அதைப் பெற்ற பிள்ளை மாதிரி பார்த்துக்கொண்டார். சாலையில் யாரோடும் உரச மாட்டார், வீட்டிலும் அப்படியே. மொண்டேவிதேயோவில் இவ்வளவு சாதுவான டிரைவர் அதிசயம்தான். மற்றவர்கள் எல்லாம் ஹாரனிலேயே கெட்ட வார்த்தை பேசுவார்கள்.

ராணுவம் நாட்டைப் பிடித்து அப்போது ஏழு வருஷம். சந்தைக்காரன் பழத்தைத் தரம் பிரிப்பது போல எங்களை எல்லாம் பிரித்து வைத்திருந்தார்கள். 'ஏ' என்றால் நம்பலாம். 'பி' என்றால் கண் வைக்க வேண்டும். 'சி' என்றால் எங்கேயும் வேலை கொடுக்கக் கூடாது. எதெல்மார் 'பி'. அவர் செய்த குற்றம் ஒன்றும் இல்லை. மனைவி நிபியாவின் தம்பி அதிலியோ தொழிற்சங்கத்தில் இருந்தவன், சிறையில் கிடந்தான். அந்தச் சிறை இருந்த ஊரின் பெயர் 'விடுதலை'. நான் கிண்டல் செய்யவில்லை, ஊருக்குப் பெயரே அதுதான். எல்லா ஊரையும் விட்டுவிட்டு அங்கே போய்ச் சிறையைத் திறந்தவர்கள்தான் கிண்டல் செய்தார்கள்.

நிபியா தம்பியைப் பார்க்கத் தவறாமல் போய்வருவாள். எதெல்மார் ஒரு தடவைகூடப் போனதில்லை. "வாசல்ல என் பேரைச் சொன்னா அடுத்த நாளே ஸ்டியரிங் போச்சு, நிபியா. ரெண்டு பேரும் அப்புறம் காத்தையா குடிக்கறது?" என்பார். முதல் வருஷம் அவள் சண்டை போட்டாள். பிறகு விட்டுவிட்டாள். தம்பியைப் பற்றி வீட்டில் பேசுவதையே நிறுத்திவிட்டாள். சண்டை போட்டபோது இருந்த நிம்மதிகூட அதற்கப்புறம் அவருக்கு இல்லை.

எண்பதாம் வருஷம் நவம்பரில் தளபதிகளுக்கு ஓர் ஆசை வந்தது. தாங்கள் எழுதிய அரசியல் சட்டத்தை மக்களே ஓட்டுப் போட்டு ஏற்றுக்கொள்ள வேண்டுமாம். மாதக் கடைசி ஞாயிற்றுக்கிழமை வாக்கெடுப்பு. 'ஆம்' ஜெயித்தால் அவர்கள் காலத்துக்கும் எங்கள் தலைமேல் உட்கார்ந்துகொள்வார்கள். 'இல்லை' ஜெயித்தால் என்ன ஆகும் என்று யாரும் யோசிக்கவில்லை, அவர்களும்தான். தொலைக்காட்சியில் பொழுதுக்கும் 'ஆம்' பாட்டு. 'இல்லை' என்று துண்டுச் சீட்டு கொடுத்த மாணவர்களை வேனில் அள்ளிப் போட்டார்கள்.

வாயைப் பூட்டினால் எங்கள் ஊர் சும்மா இருக்குமா? எவனோ ஒரு டாக்ஸிக்காரன் நல்ல வெயிலில் வைப்பரைப் போட்டுக்கொண்டு போனான். அது கண்ணாடியில் இப்படியும் அப்படியும் ஆடி, 'மாட்டேன், மாட்டேன்' என்று தலையசைத்துக்கொண்டே போனது. அவ்வளவுதான், ஊருக்குப் பிடித்துக்கொண்டது. மேகமே இல்லாத வானத்தின் கீழே காரெல்லாம் கண்ணாடி துடைத்துக்கொண்டு போக ஆரம்பித்தது. டாக்ஸிக்காரர்களும் சொந்த வண்டிக்காரர்களும்தான் துணிந்தார்கள். பேருந்து எதுவும் துணியவில்லை.

கண்டக்டர் பெலாயோவுக்கு அது பொறுக்கவில்லை. "அண்ணே, நம்ம வண்டி மேலயும் கொஞ்சம் மழை பெய்யட்டுமே," என்றார்.

"காஞ்ச கண்ணாடியில ஓட்டினா ரப்பர் தேஞ்சிடும்டா."

"முதலாளி ரப்பர் மேல இவ்வளவு பாசமா? இதுல பாதி உங்க மச்சான் மேல இருந்தா..." என்று ஆரம்பித்தவர், எதெல்மாரின் முகத்தைக் கண்ணாடியில் பார்த்துவிட்டுப் பேச்சை மாற்றி மாத்தே கஷாயக் குடுவையை நீட்டினார். "சரி சரி, விடுங்கண்ணே. சூடா இருக்கு, உறிஞ்சுங்க."

ஓட்டுக்கு முந்தின புதன்கிழமை காலையில் தூறல் போட்டது. முறைப்படி எதெல்மாரும் வைப்பரைப் போட்டார். ஜூலை பதினெட்டுச் சாலையில் ஏறும்போது தூறல் நின்று வெயில் பளிச்சென்று அடித்தது. வைப்பரை நிறுத்தலாம் என்று குமிழைத் திருப்பினார். குமிழ் கையோடு வந்துவிட்டது. வைப்பர் மட்டும் நிற்கவில்லை.

முன் சீட்டில் காய்கறிப் பையோடு இருந்த குண்டம்மா ஒருத்திதான் முதலில் பார்த்தாள். "அடேயப்பா! இங்க பாருங்க, நம்ம டிரைவரு!"

"அம்மா, கெட்டுப்போச்சும்மா! குமிழ் கழண்டு வந்திருச்சு, இதோ!" எதெல்மார் குமிழைத் தூக்கிக் காட்டினார்.

"ஆமா தம்பி, கெட்டுத்தான் போச்சு," என்று அவள் கண்ணடித்தாள். "நாடே கெட்டுக் கெடக்கு. வைப்பரை மட்டும் குத்தம் சொல்லி என்ன பண்ண?"

வண்டி முழுக்கச் சிரிப்பு வெடித்தது. சீட்டின் முதுகில் தாளம் தட்டினார்கள். நடைபாதையில் காப்பிக் கடைப் பணியாளர்கள் தட்டை இடுக்கிக்கொண்டு கை தட்டினார்கள். எதிரில் வந்த டாக்ஸியெல்லாம் ஹாரன் அடித்தது. மழை வந்தால் எங்கள் ஊரில் எந்த வீட்டிலும் அடுப்பில் மாட்டுக் கொழுப்பு காயும். மாவைத் தட்டி நடுவில் ஓட்டை போட்டுப் பொரித்து, சர்க்கரை தூவித் தின்போம். மழைக்கு அது இல்லாமல் முடியாது. நிறுத்தத்தில் நின்ற ஒருவர் வெயிலில் கையை நீட்டிப் பார்த்துவிட்டு, "மழை பிடிச்சுக்கிச்சு, போய் மாவு பிசைங்க!" என்று கத்தினார். அந்தக் கத்தல் நிறுத்தத்துக்கு நிறுத்தம் தாவி வண்டிக்கு முன்னால் ஓடியது.

எதெல்மார் இரண்டு இடத்தில் வண்டியை ஓரம் கட்டி, குமிழ் இருந்த ஓட்டையில் விரலை விட்டுப் பார்த்தார். ஒன்றும் நடக்கவில்லை. காது இரண்டும் சிவந்துவிட்டது. பயம், வெட்கம். அதோடு இன்னொன்றும் இருந்தது. அதை ஒத்துக்கொள்ள அவருக்கு வெகுநாள் ஆயிற்று. எல்லாரும் தன்னைப் பார்த்துச் சந்தோஷப்படுவது நன்றாக இருந்தது.

சாலை முடியும் சதுக்கத்தில் சிப்பாய்கள் மறித்தார்கள். மீசை சரியாக முளைக்காத ஒரு லெப்டினன்ட் படியில் ஏறினான். "நிறுத்துய்யா அதை!"

"நிறுத்த முடியலீங்க. கெட்டுப்போச்சு."

"கெட்டுப்போச்சு!" என்றது மொத்த வண்டியும். கடைசி சீட்டுக் கன்னியாஸ்திரீகூடச் சொன்னாள். லெப்டினன்ட் எதெல்மாரின் கன்னத்தில் அறைந்து கீழே இறக்கினான்.

ஸ்டேஷனில் கம்பெனி மெக்கானிக்கை வரவழைத்தார்கள். அவர் பிரித்துப் பார்த்துவிட்டு, உள்ளே பல் தேய்ந்து உண்மையாகவே கெட்டுத்தான் போயிருக்கிறது என்று சொல்லி, புதுக் குமிழைப் பொருத்திவிட்டுப் போனார். கேப்டன் எதெல்மாரை உட்காரச் சொல்லித் தண்ணீரும் கொடுத்தார்.

"உன் நல்ல காலம். ஆனா ஊரு வேற மாதிரி பேசுது. நாளைக்குக் காலையில அதே வண்டி, அதே ரோடு. சாலை நடுவுல நிறுத்தி, எழுந்து நின்னு, நேத்து வைப்பர் கெட்டுப்போச்சு, நான் வேணும்னு போடலைன்னு எல்லார் காதுலயும் விழுற மாதிரி சொல்லணும். என் ஆள் முன்னால உக்காந்திருப்பான். சொன்னா உன்னை 'ஏ'ல போடறேன். சொல்லலைன்னா 'சி'. அப்புறம் ஸ்டியரிங்கை நீ கனவுலதான் பிடிக்கணும்."

"சொல்லிடறேனுங்க," என்றார் எதெல்மார். உண்மையைத்தானே சொல்லச் சொல்கிறார்கள்.

சாயங்காலம் தெருவுக்குள் நுழைந்தால் வானத்தில் ஒரு பொட்டு மேகம் இல்லை, ஆனால் எல்லா ஜன்னலிலிருந்தும் மாவு பொரியும் வாசனை. பக்கத்து வீட்டுக்காரர் ஓடி வந்து கட்டிப் பிடித்தார். பேசிப் பழகாதவர்கள்கூடத் தோளில் தட்டினார்கள். பொரிக்கக் கூடாது என்று சட்டம் போட முடியாதே. நிபியாவும் ஒரு குன்று பொரித்து வைத்திருந்தாள். இத்தனை வருஷத்தில் அவள் முகம் அப்படி இருந்து அவர் பார்த்ததில்லை.

"உன்னை என்னன்னு நெனச்சிட்டிருந்தேன் தெரியுமா? சொன்னா கோச்சுக்குவே," என்றாள்.

"நிபியா, அது நெசமாவே கெட்டுப்போச்சு."

"என்கிட்டயுமா இந்தக் கதை?" அவள் சிரித்தாள்.

"உன்கிட்டதான் சொல்றேன். குமிழ் கழண்டுச்சு. நான் நிறுத்தத்தான் பார்த்தேன்." கேப்டன் சொன்னதையும் சொன்னார்.

சிரிப்பு கொஞ்சம் கொஞ்சமாக வடிந்தது. அவள் கோபப்படவில்லை. அவர் தட்டில் இன்னும் ஒன்றை எடுத்து வைத்துச் சர்க்கரை தூவினாள். "சரி, சொல்லிட்டு வந்துடு. பொய்யா சொல்லப்போறே? வேலை போனா நாம எங்க போறது? சூடா இருக்கும்போதே தின்னு."

குத்திக்காட்டியிருந்தால் தாங்கியிருப்பார். அவள் அவரிடம் அதற்கு மேல் எதிர்பார்க்கவில்லை, அதுதான் தாங்கவில்லை. லெப்டினன்ட் அறைந்தது அந்த அளவுக்கு வலிக்கவில்லை.

வியாழக்கிழமை வானம் துடைத்து வைத்தது போல் இருந்தது. நேற்றைய வண்டிதான் என்று தெரிந்து ஆட்கள் காத்திருந்து ஏறினார்கள். குண்டம்மாவும் வந்திருந்தாள். முன் சீட்டில் கோட்டுப் போட்ட ஒருவன் செய்தித்தாளோடு உட்கார்ந்திருந்தான். பெலாயோ அவன் பக்கம் திரும்பாமலே டிக்கெட் கிழித்தார். சாலையின் நடுவில் எதெல்மார் வண்டியை நிறுத்தி எழுந்து நின்றார். தொப்பியைக் கழற்றினார்.

"எல்லாரும் கொஞ்சம் கேளுங்க. நேத்து இந்த வைப்பர் தானா ஓடுச்சு. குமிழ் கெட்டுப்போச்சு. நான் வேணும்னு போடலை. இது சத்தியம்."

குண்டம்மா தன் பைக்குள் எதையோ தேடுவது போலத் தலையைக் குனிந்துகொண்டாள். கோட்டுக்காரன் செய்தித்தாளை மடித்து, போதும் என்று தலையாட்டினான். வேலை தப்பித்தது. உட்கார்ந்து கியரைப் போட வேண்டியதுதான் பாக்கி.

எதெல்மார் உட்காரவில்லை. "நேத்தே மெக்கானிக் வந்து புதுக் குமிழ் போட்டுட்டாரு," என்றார். "இப்ப நல்லா வேலை செய்யுது. போட்டா ஓடும், நிறுத்தினா நிக்கும். அதையும் தெரிஞ்சுக்குங்க."

பிறகு உட்கார்ந்து வைப்பரைப் போட்டார்.

காய்ந்த கண்ணாடியில் ரப்பர் கிறீச்சிட்டது. அந்தச் சத்தம் வண்டி முழுக்கக் கேட்டது. யாரும் கை தட்டவில்லை. எல்லாருக்கும் புரிந்திருந்தது, இது நேற்றைய விளையாட்டு இல்லை. கோட்டுக்காரன் பாய்ந்து எழுந்தான். "யோவ், நிறுத்து அதை!"

"இன்னிக்குக் கெட்டுப்போகலை சார்," என்றார் எதெல்மார். "நான்தான் போட்டிருக்கேன்."

சதுக்கம் வரைக்கும் அப்படியே ஓட்டினார். இருபது வருஷத்தில் அன்றைக்குப் போல அவர் நிமிர்ந்து உட்கார்ந்து ஓட்டியதில்லை. சிப்பாய்கள் இழுத்துக்கொண்டு போகும்போது பெலாயோ படியில் நின்று அழுதுகொண்டே, "அண்ணே! அண்ணே!" என்று கூப்பிட்டார். சாவியை அவர்கள் எடுக்கும்வரை வைப்பர் ஓடிக்கொண்டிருந்தது.

உள்ளே தலையில் சாக்கை மாட்டிச் சுவரைப் பார்த்து நிற்க வைத்தார்கள். கால் மடங்கினால் அடி. ஞாயிற்றுக்கிழமை நாடே ஓட்டுப் போட்டது, அவர் ஓட்டு மட்டும் விழவில்லை. திங்கட்கிழமை காவலர்கள் யாரும் ரேடியோ போடவில்லை, ஒருத்தனும் சத்தமாகப் பேசவில்லை. சாக்குக்குள்ளே எதெல்மாருக்குப் புரிந்துவிட்டது. நாங்கள் ஜெயித்திருந்தோம். பாதிக்கு மேல் ஆட்கள் 'இல்லை' என்று போட்டிருந்தார்கள், பயந்து செத்துக்கொண்டிருந்த எங்கள் ஊர் ஆட்கள்! இன்றைக்கு நினைத்தாலும் எனக்கு நெஞ்சு நிமிர்கிறது.

அவரை வெளியே விட்டபோது கையில் 'சி' இருந்தது. இடது முழங்கால் அதற்கப்புறம் கிளட்சை மிதிக்கவே இல்லை. வாக்களிக்கத் தவறியதற்கு அபராதம் என்று வீட்டுக்கு ஒரு நோட்டீஸும் வந்தது, அவர்களுக்கு வெட்கம் என்பதே கிடையாது. நிபியா சிறை வாசலில் காத்திருந்தாள். வீட்டுக்குப் போகும் பேருந்தில் ஏறியதும், யாரும் கேட்காமலே, "இவர் என் புருஷன்," என்று கண்டக்டரிடம் சொன்னாள். பக்கத்து சீட்டுக்காரரிடம் சொன்னாள். இறங்கும்போது டிரைவரிடமும் சொன்னாள்.

அதற்கப்புறம் எதெல்மார் தெருச் சந்தையில் உருளைக்கிழங்கு விற்றார். தளபதிகள் ஆட்சியை விட்டுப் போன பிறகு கம்பெனியில் மறுபடி கூப்பிட்டார்கள். முழங்காலைக் காட்டி, வேண்டாம் என்றுவிட்டார். சந்தையில் புது ஆட்களுக்கு அவரை அறிமுகம் செய்துவைக்க எப்போதும் யாராவது இருப்பார்கள். "இவரு யாரு தெரியுமா? அந்தப் புதன்கிழமை, ஊர்லயே முத ஆளா, பஸ்ஸுல வைப்பரைப் போட்டுக்கிட்டு ஜூலை பதினெட்டுல போனாரே, அவருதான்!"

எதெல்மார் தராசிலிருந்து தலையைத் தூக்காமல் திருத்துவார். ஒவ்வொரு தடவையும், யார் சொன்னாலும், விடாமல்.

"புதன்கிழமை வைப்பரு. வியாழக்கிழமைதான் நானு."