செவலை லோரி ஏறிய நாள்

நனைந்த லாலான் புல்லைக் கொளுத்தி மாட்டுக் கொட்டிலில் கொசுவுக்குப் புகை போடுவார்கள். கண்ணைக் கரிக்கும் அந்த வாசனையோடுதான் கிள்ளானை அடுத்த மேரு கிராமத்தில் எங்கள் மழைக்கால மாலைகள் தொடங்கும். அப்பா விடிந்ததும் பால் கேன்களை மோட்டார் சைக்கிளில் கட்டிக்கொண்டு கிள்ளானுக்குப் போய்விடுவார். கறப்பது, சாணம் அள்ளுவது, புல் அறுப்பது, கீரைப்பாத்திக்கு எரு போடுவது எல்லாம் அம்மாவும், கணவரை இழந்து எங்களோடு வந்துவிட்ட பாக்கியம் அத்தையும்தான். ஆனாலும் அப்பாவை 'அண்ணன்' என்றழைத்த ஊருக்கு அது 'அண்ணன் மாட்டுக் கொட்டா'தான்.

எனக்குப் பத்து வயதிருக்கும். ஒரு நாள், சிவப்புச் சாயம் பூசிய முளைக்குச்சிகளோடு வந்த ஒருவர் கீரைப்பாத்தியின் நடுவிலேயே ஒன்றை அடித்தார்.

"யாருண்ணே அளக்கச் சொன்னது?" என்று அம்மா கேட்டாள்.

"ஒங்க வீட்டுக்காரருதான் அக்கா. நிலத்த வித்துட்டாருலா. ஒங்களுக்குத் தெரியாதா?"

அம்மா பறித்த கீரையைக் கட்டிக்கொண்டிருந்தாள். அன்று மாலை அப்பாவிடம் கேட்டது அத்தைதான். அப்பா கோபப்படவில்லை, அதுதான் எனக்கு இன்றும் உறுத்துகிறது. "எத்தன நாளைக்குச் சாணி அள்ளுவீங்க? ஒங்க ரெண்டு பேருக்காகத்தான் வித்தேன்" என்றார், கனிவாகவே.

"எங்களுக்காகன்னா, எங்கள ஒரு வார்த்த கேட்டிருக்கலாமே அண்ணே."

விற்ற மாடுகளை ஏற்றிப்போக லோரி வந்த அன்று, சினையாயிருந்த செவலைப் பசு மட்டும் பலகையில் கால் வைக்க மறுத்தது. ஆட்கள் கயிற்றை இழுத்தும் வாலை முறுக்கியும் அசையவில்லை. ஒருவன் கம்பை எடுத்தான். "அடிக்காதீங்க" என்ற அத்தை, தானே லோரிக்குள் ஏறி, "வாம்மா" என்று கூப்பிட்டாள். அந்தக் குரலுக்கு அது ஏறிவிட்டது. கழுத்தைத் தடவிக்கொடுத்துவிட்டு அவள் இறங்கியதும் கதவை அடைத்தார்கள். உள்ளிருந்து அது கத்தியது சாலைத் திருப்பம்வரை கேட்டது. அத்தை கைகளை முந்தானையில் துடைத்துக்கொண்டே நின்றாள்.

ஸ்ரீ கெம்பாங்கானில் மூன்றாவது மாடி வீடொன்றுக்குக் குடிபோனோம். சில வருடங்களில் அத்தை இறந்துபோனாள், பின்னர் அப்பாவும். சென்ற மாதம் மேரு வழியாகத் திரும்பும்போது அம்மா காரை நிறுத்தச் சொன்னாள். கொட்டில் இருந்த இடத்தில் பெரிய சரக்குக் கிடங்கு. பாத்திகள்மேல் சிமெண்டுத் தரை. வேலியைப் பிடித்துக்கொண்டு நின்றவளிடம் காவலாளி வந்து, "யாரப் பாக்கணும் ஆன்டி?" என்று கேட்டார்.

"யாரையும் இல்லப்பா" என்றாள் அம்மா. "முன்ன இங்க வேல செஞ்சேன்."