எஸ்தரின் ஊரில் ஒரு ஞானஸ்நானம்

ஸ்ரீரங்கம் தீவில் பெருமாள் கோயில் இருப்பது எல்லோருக்கும் தெரியும். அதே தீவில், வாழைத்தோட்டங்களுக்கு நடுவே ஒரு சிற்றூரில் லுத்தரன் கோயிலும் உண்டு. அறுபதுகளில், அதைக் கட்டி முடித்த புதிதில், என் மூத்தவனின் ஞானஸ்நானத்துக்காக அங்கே போனோம். அவனுக்கு அப்போது ஐந்து மாதம்.

ஏன் அவ்வளவு தூரம்? பிரசவமான மறுநாள் எனக்கு ஜன்னி கண்டது. ஒன்பது நாள் பால் கொடுக்க முடியவில்லை. ஆஸ்பத்திரியில் அடுத்த கட்டிலில் இருந்த எஸ்தர்தான் அவனுக்குப் பால் கொடுத்தார்; அவருடைய ஊர் இது. அவருடைய குழந்தை பிறந்த அன்றே இறந்துவிட்டது. அவரையே ஞானத்தாயாக நிற்கக் கேட்க வேண்டும் என்று நினைத்தேன். கடிதம் எழுதப் பலமுறை உட்கார்ந்தேன், எழுத வரவில்லை. சொல்லாமலே கிளம்பிவிட்டோம்.

நாங்கள் இருந்த திருவெறும்பூரில் காலை ஐந்தே முக்காலுக்கு பஸ். மெயின்கார்டு கேட்டில் இறங்கி வேறு பஸ் பிடித்து, ஸ்ரீரங்கம் சேர ஏழு மணி. அங்கிருந்து மூன்று மைல் குதிரை வண்டி, முக்கால் ரூபாய்.

"புதுக் கோயிலுங்களா? கோபுரம் ஒண்ணும் கிடையாதுங்க. வெளியிலேருந்து பாத்தா நெல்லு கொடவுன் மாதிரி இருக்கும். உள்ள போயிப் பாருங்க," என்றார் வண்டிக்காரர்.

சரியாகத்தான் சொன்னார். பூச்சில்லாத கான்கிரீட் சுவர். அதில் மேலிருந்து கீழ்வரை ஒடுக்கமான வண்ணக் கண்ணாடிகள். எட்டு மணி ஆராதனையில் நீலமும் மஞ்சளுமாக வெளிச்சம் ஜனங்களின் தோளில் விழுந்தது. நான் பெண்கள் பக்கம் எஸ்தரைத் தேடிக்கொண்டிருந்தேன். காணோம்.

முடிந்ததும் போதகரிடம் கேட்டேன். "அஞ்சு மாசமா அவங்க கோயிலுக்கு வரலைங்கம்மா. ஞானஸ்நானம் கொடுக்கறதுக்குள்ள பிள்ளை போயிடுச்சேன்னு வருத்தம்," என்றார்.

"திரும்பிடலாம். இவனைப் பாத்தா அவங்களுக்கு இன்னும் கஷ்டம்," என்றார் என் கணவர். எனக்கும் பயம்தான். ஆனாலும் எஸ்தர் வீட்டுக்குப் போனோம்.

எஸ்தர் வாசலில் அரிசி புடைத்துக்கொண்டிருந்தார். எங்களைக் கண்டதும் முறத்தைக் கீழே வைத்தார். "இப்ப நல்லா பால் குடிக்கிறானா?" என்றார்.

"நல்லா குடிக்கிறான்."

"குடுங்க இப்படி." வாங்கி அவன் உச்சந்தலையை முகர்ந்தார்.

"சொல்லாம வந்துட்டோம், மன்னிச்சுக்குங்க," என்றேன்.

"சொல்லியிருந்தா வீட்டைப் பூட்டிட்டு துறையூர்ல அக்கா வீட்டுக்குப் போயிருப்பேன்."

வந்த விஷயத்தையும் பிள்ளைக்கு நினைத்திருந்த பெயரையும் சொன்னேன். உள்ளே போய்ப் புடவை மாற்றிக்கொண்டு வந்தார்.

பதினோரு மணிக்குப் போதகர் மறுபடி கோயிலைத் திறந்தார். "பிள்ளையின் பெயர் என்ன?" என்று கேட்டார். எஸ்தர் குனிந்து குழந்தையைப் பார்த்துக்கொண்டு நின்றார். போதகர் அவசரப்படுத்தாமல் காத்திருந்து இன்னொரு தடவை கேட்டார். "ஜெயசீலன்" என்று எஸ்தர் சொன்னது, அந்த வெற்றுச் சுவர்களில் மோதிக் கோயில் முழுக்கக் கேட்டது.

போக நினைப்பவர்கள் ஞாயிறு காலை ஆராதனைக்கே போங்கள். ஒன்பது மணிக்கு மேல் கண்ணாடியில் வெயில் இருக்காது. ஊரார் சாப்பிடக் கூப்பிட்டால் மறுக்காதீர்கள். எஸ்தர் வீட்டில் அன்று சாப்பிட்ட வாழைப்பூப் பொரியலை நான் மறக்கவில்லை. நன்றி சொல்லத்தான் போனேன். அந்த வார்த்தை மட்டும் கடைசிவரை என் வாயில் வரவில்லை. வண்டி ஏறும்போது எஸ்தர்தான் என் கையைப் பிடித்துக்கொண்டு, "கொண்டாந்து காட்டுனீங்களே," என்றார்.