தூக்கித் திறக்கிற கதவு

மஞ்சள் சுவருக்கு முன்னால் கதாநாயகியை நிறுத்திவிட்டால் புதுச்சேரியைப் படம் பிடித்தாயிற்று என்று நினைக்கிறவர்கள் ஷஃபீக்கைப் பற்றிக் கொஞ்சம் கேட்டுக்கொள்ளட்டும். பதினான்கு வருஷமாக சினிமாக்காரர்களுக்கு இந்த ஊரில் வீடு பிடித்துக் கொடுக்கும் லொகேஷன் மேனேஜர் அவன். போலீஸ் அனுமதி வாங்குவதிலிருந்து, ஜெனரேட்டர் சத்தத்துக்குப் பக்கத்து வீட்டுக்காரர் காலில் விழுவது வரை எல்லாம் அவன் தலையில்தான். பேர் மட்டும் அடுத்தவனுக்கு.

திரைக்கதையும் எழுதுவான். வீடு பார்க்கப் போன இடத்திலேயே உட்கார்ந்து எழுதுவான். எந்த ஜன்னலில் எப்போது வெயில் விழும், எந்தப் படி இடறும் என்று பார்த்துத்தான் அவன் கதையில் ஆட்கள் நடமாடுவார்கள்.

உப்பளம் பகுதியில் செல்வாம்பாள் அம்மா வீட்டில் அப்படி ஒரு கதை எழுதினான். அந்த வீட்டுக் கொல்லைக் கதவு கொஞ்சம் தூக்கினால்தான் திறக்கும். சண்டை போட்டுக் கிளம்புகிற மனைவிக்குக் கொல்லைக் கதவைத் திறக்கத் தெரியாது. போகவிடமாட்டேன் என்று கத்திய புருஷனே வந்து கதவைத் தூக்கித் திறந்துவிடுவான். கூடத்தில் உட்கார்ந்து அவன் படித்துக் காட்டியபோது அந்தம்மா கண்ணைத் துடைத்துக்கொண்டே, "பாவி, எங்க வீட்டுக் கதவையும் விட்டு வைக்கலியா!" என்று சிரித்தார்.

அந்தக் கதையை இயக்குநர் நெடுமாறனிடம் கொடுத்தான். "நல்லாருக்கு, ஆனா நமக்கு செட் ஆகாது" என்று சொல்லிவிட்டார். இவனும் நம்பினான். கிளியை வளர்த்துப் பூனை கையில் கொடுத்த கதைதான்!

இரண்டு வருஷம் கழித்து அதே நெடுமாறன், கொல்லைப்பக்கம் மரக்கதவு உள்ள பழைய வீடு வேண்டும் என்றார். ஷஃபீக் செல்வாம்பாள் வீட்டையே பேசி முடித்தான். படப்பிடிப்பு அன்று காலையில்தான் காட்சித் தாள் கைக்கு வந்தது. வரிக்கு வரி அவனுடைய கதை. மேலே, 'கதை, திரைக்கதை, வசனம்: நெடுமாறன்'. அவனுக்கு உடம்பெல்லாம் பற்றி எரிந்தது.

"சார், இது என் கதை."

நெடுமாறன் போனிலிருந்து தலையைத் தூக்கவில்லை. "நான் ஆறு மாசம் ஒக்காந்து எழுதினது. நன்றி கார்டுல உங்க பேரு வரும், போங்க."

நன்றியாம்! டீ கொடுத்தவருக்கும் அதே கார்டில்தான் நன்றி.

இந்த ஊர் வீட்டுக்காரர்கள் காட்சியைக் கேட்காமல் படம் எடுக்க விடமாட்டார்கள். யாரோ ஒரு சினிமாக்காரர் வீட்டுக்காரரிடம் சொல்லாமல் நடுக்கூடத்தில் ஒருவரைப் பிணமாகக் கிடத்திப் படம் எடுத்துவிட்டுப் போனதிலிருந்து வந்த வழக்கம். நெடுமாறன் சொல்ல ஆரம்பித்தார். பாதியிலேயே செல்வாம்பாள் கையை நீட்டி நிறுத்தினார்.

"இருப்பா. இது ஷஃபீக் தம்பி படிச்ச கதையாச்சே! தம்பி, நீ சொல்லு. எடுக்க விடட்டுமா?"

வாசலில் அறுபது பேர் காத்திருந்தார்கள். வேண்டாம் என்று ஷஃபீக் இதுவரை எந்த வீட்டிலும் சொன்னதில்லை.

"யோசிச்சுப் பேசுங்க. இனிமே ஒரு கம்பெனியும் உங்கள கூப்புடாது," என்றார் நெடுமாறன். செய்யக்கூடிய ஆள்தான். ஷஃபீக் காட்சித் தாளை மடித்துச் சட்டைப் பையில் வைத்தான்.

"வேணாம்மா," என்றான். "என் பேரு இல்லாம இங்க ஒண்ணும் எடுக்க வேணாம்."

நெடுமாறன் முகம் சிவந்து, காரை நிறுத்தியிருந்த பின்சந்துக்குப் போகக் கொல்லைப்பக்கம் விடுவிடுவென்று நடந்தார். கதவை இழுத்தார். தள்ளினார். தோளால் இடித்தார். அசையவில்லை. உதவி இயக்குநர்கள் எட்டிப் பார்த்தார்கள்.

"ஆறு மாசம் எழுதின ஆளுக்குத் தெரியலியே," என்றார் செல்வாம்பாள்.

ஷஃபீக் போய்க் கதவைத் தூக்கித் திறந்துவிட்டான்.

"போங்க சார்."