மேஜர் சேர் ஆட்டமிழக்காத மைதானம்

போன கிழமை மதுரங்குளியில் ஒரு தளபாடக் கடைக்குப் போயிருந்தேன். கடைக்காரர் ஓர் அலுமாரிக்கு லின்சீட் எண்ணெய் பூசிக்கொண்டிருந்தார். அந்த மணம் மூக்கில் ஏறியதுதான் தாமதம், வந்த காரியம் மறந்துபோயிற்று. என் மனைவி கதிரைகளைத் தட்டித் தட்டிப் பார்த்து என்னிடம் அபிப்பிராயம் கேட்டுக்கொண்டிருந்தாள். நான் எல்லாவற்றுக்கும் ஓம், ஓம் என்று சொல்லியிருக்கிறேன். அதன் பலனாக இப்போது எங்கள் வீட்டில் யாரும் உட்கார முடியாத ஆறு கதிரைகள் இருக்கின்றன.

உங்களுக்கு அந்த எண்ணெய் என்றால் மரச்சாமான் ஞாபகம் வரலாம். எனக்கு மேஜர் சேர்தான் வருவார். ஜும்ஆ முடிந்து வந்து, விறாந்தையில் உட்கார்ந்து, பழைய பெனியன் துணியால் தன் கிரிக்கெட் பெட்டுக்கு அந்த எண்ணெயைப் பூசிக்கொண்டிருப்பார். அவர் மலாய் ஆள், புத்தளத்தில் பெண் எடுத்தவர். இராணுவத்தில் ஓய்வு வாங்கிக்கொண்டு நுரைச்சோலைக்குக் கொஞ்சம் இந்தப் பக்கம் தென்னந்தோட்டம் வாங்கிக் குடியேறினார். வீரத்துக்காகப் பதக்கம் பெற்றவர். இளமையில் இராணுவ அணிக்குக் கிரிக்கெட்டும் ஆடியவர். அவர் வீட்டுக் கூடத்தில் இரண்டு படங்கள் தொங்கும். ஒன்றில் நெஞ்சில் பதக்கம், மற்றதில் கையில் பெட். இரண்டிலும் பல்வலிக்காரர் மாதிரியே நிற்பார்.

நான் அப்போது கூட்டுறவுச் சங்கத்தில் புதிதாகச் சேர்ந்த கிளாக்கர். கடிதம் எழுதத் தெரியும் என்பதால் ஊர் கிரிக்கெட் கழகத்துக்குச் செயலாளர் ஆக்கினார்கள். பெட்டும் பிடிக்கத் தெரியாது, போல் என்று நாங்கள் சொல்லும் பந்தும் பிடிக்கத் தெரியாது என்பதால் அம்பயரும் ஆக்கினார்கள். இரண்டு பதவியையும் நான் மிகவும் பெருமையாகச் சுமந்து திரிந்தேன். அம்பயர் வெள்ளைக் கோட்டை உம்மா கஞ்சி போட்டுத் தோய்த்துத் தருவார். அது என்னை விட நிமிர்ந்து நிற்கும்.

நாங்கள் ஆடிய மைதானம் மேஜர் சேருடைய நிலம். புத்தளம் களப்பின் நீரோரமாக வெறுமையாகக் கிடந்த நாலு ஏக்கர். ஆடுங்கள் என்று அவரே விட்டுத் தந்தார், நடுவில் போல் குத்தி எழும்ப விரிக்கத் தென்னந்தும்புப் பாயும் வாங்கித் தந்தார். அவர் மனம் கோணினால் மறுமாசமே அங்கே தென்னம்பிள்ளை நட்டுவிடுவார் என்பது எங்கள் பயம். அப்படி ஒரு வார்த்தை அவர் வாயிலிருந்து வந்ததே இல்லை. நாங்களாகவே பயந்துகொண்டு, நாங்களாகவே அதற்கு ஓர் ஏற்பாடும் செய்துகொண்டோம்.

ஏற்பாடு இதுதான். மேஜர் சேர் ஆட இறங்கினால் இருபது ஓட்டத்துக்குக் குறையாமல் எடுக்க வேண்டும். எங்கள் கப்டன் நவாஸ் நானா எதிரணிக் கப்டனை முதலிலேயே ஓரமாகக் கூட்டிக்கொண்டு போய் இந்த விசயத்தைக் காதில் போட்டுவிடுவார். பகல் சாப்பாடு மேஜர் சேர் வீட்டு மாட்டிறைச்சிப் புரியாணி என்பதும் அதே மூச்சில் சொல்லப்படும். அதற்குப் பிறகு எந்த ஊர் அணியும் மறுத்துப் பேசியது கிடையாது. அவர் தட்டிவிட்ட போலை எதிரணிக்காரன் துரத்திக்கொண்டு ஓடி, குனிந்து, தன் காலாலேயே எல்லைக்கு வெளியே தள்ளிவிடுவான். கேட்ச் வந்தால் கண்ணில் வெயில் அடிக்கும், மழை மூட்டமாக இருந்தாலும் அடிக்கும். இதையெல்லாம் மீறி யாராவது கைதவறி அவரை அவுட்டாக்கிவிட்டால் அவுட் செல்லாது என்று என் வலது கை தானாக நீண்டுவிடும். நோ-போல். சில நாட்களில் போல் போடுகிறவனின் கால் கோட்டுக்கு ஒரு முழம் பின்னால்தான் இருந்திருக்கும்.

ஓட்டத்தில் மட்டும்தான் நாங்கள் இப்படி என்று நினைக்காதீர்கள். பதக்கக் கதையும் எங்கள் கையில் வளர்ந்துகொண்டே வந்தது. சண்டைக்கு நடுவில் காயப்பட்ட சிப்பாய்களை அவர் தோளில் சுமந்து வந்தாராம். பாடசாலை விளையாட்டுப் போட்டியில் அதிபர் பேசும்போது மூன்று பேர். கழக ஆண்டு விழாவில் ஐந்து பேர். ஒரு கல்யாண வீட்டில் நவாஸ் நானா சொல்லும்போது ஏழு பேர், அதில் ஒருவர் நல்ல கொழுத்த ஆள். மேஜர் சேர் பக்கத்தில் இருந்து தன் தட்டிலிருந்த இனிப்பு வட்டிலப்பத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார். அடக்கம் என்று நாங்கள் மெச்சிக்கொண்டோம்.

ஒருமுறை அவருக்கு இருதயத்தில் கோளாறு என்று வைத்தியர் சொல்லிவிட்டார். கொழும்பில் ஒப்பரேசன். அதற்கு முன்னால் ஒரு மெட்ச் ஆட வேண்டும் என்று அவர் ஆசைப்பட்டார். மன்னாரிலிருந்து தொண்ணூறாம் ஆண்டில் இடம்பெயர்ந்து வந்தவர்களின் குடியிருப்பில் நல்ல அணி ஒன்று இருந்தது, அவர்களைக் கூப்பிட்டோம். அதில் ரியாஸ் என்று ஒருவன். மேசன் வேலை செய்கிறவன், வேகமாகப் போல் போடுவான்.

மெட்ச்சுக்கு முதல் நாள் பின்னேரம் மேஜர் சேர் என்னை மட்டும் வீட்டுக்கு வரச் சொன்னார். பிளேன்டீ வந்தது. பெட்டைத் துடைத்துக்கொண்டே பேசினார்.

"தம்பி, நாளைக்கு நீங்க சரியா அம்பயர் செய்யோணும். எனக்காக ஒண்டும் செய்ய வாணாம்."

நான் உடனே தலையாட்டினேன். பிறகு அவர் சுவரில் இருந்த படத்தைப் பார்த்தார்.

"நான் தூக்கிட்டு வந்தது ரெண்டு பேர். அதுலயும் ஒருத்தன் வழியிலேயே உசிர் போய் மவுத்தாயிட்டான். இப்ப ஊரெல்லாம் ஏழு பேர் எண்டுறாங்க. ஆமியில இருக்கக்குள்ள என்ட பொடியன்மார் எனக்கு மெதுவாத்தான் போல் போடுவானுகள். நான் ஆபிசர்தானே. உண்மையா ஆடத் தெரியுமா எண்டு எனக்கே தெரியா."

இதைக் கேட்டு நான் என்ன செய்தேன் தெரியுமா? சேர் நீங்கள் மிகவும் அடக்கமான ஆள் என்று சொன்னேன். அவர் பெட்டைத் துடைப்பதை நிறுத்தினார். பிறகு பிளேன்டீ ஆறுகிறது என்றார்.

வெளியே வந்ததும் நேராக நவாஸ் நானாவிடம் போனேன். மேஜர் சேர் கூப்பிட்டு எனக்காக ஒன்றும் செய்ய வேண்டாம் என்று சொன்னதைச் சொன்னேன். நவாஸ் நானா ஆழமாக யோசித்தார். பெரிய மனிசர் வாய்விட்டு வேண்டாம் என்கிறார் என்றால் கட்டாயம் வேண்டும் என்றுதான் அர்த்தம், ஒப்பரேசனுக்குப் போகிறவர் வேறு, இந்த முறை முப்பது ஆக்கிவிடுவோம் என்றார். எனக்கும் அது மிகவும் சரியாகப் பட்டது. நேராகச் சொன்ன பேச்சை நேராக எடுத்துக்கொள்ளும் பழக்கம் எங்கள் ஊரில் யாருக்கும் இருக்கவில்லை.

மறுநாள் மேஜர் சேர் இறங்கினார். முதல் மூன்று போல்களும் வழக்கம்போல மிதந்து வந்தன, அவர் ஆறு ஓட்டம் எடுத்தார். நாலாவதற்கு முன்னால் ஆட்டத்தை நிறுத்திவிட்டு ரியாஸிடம் நடந்து போனார். நான் பக்கத்தில்தான் நின்றேன், காதில் விழுந்தது. உன்னால் முடிந்த வேகத்தில் போடு, போடாவிட்டால் நான் ஆடாமல் போய்விடுவேன் என்றார். ரியாஸ் தன் கப்டனைப் பார்த்தான், என்னைப் பார்த்தான். பிறகு பின்னால் நடந்து நடந்து, களப்பு எல்லை வரைக்கும் போய், ஓடி வந்தான்.

அப்படி ஒரு போலை அந்தப் பாய் அதற்கு முன் கண்டதில்லை. நடு ஸ்டம்ப் பிடுங்கிக்கொண்டு போய் விழுந்தது.

மேஜர் சேர் திரும்பி அதைப் பார்த்தார். பிறகு சிரித்தார். அந்த முகத்தில் அப்படி ஒரு சிரிப்பை நான் படத்திலும் பார்த்ததில்லை, நேரிலும் பார்த்ததில்லை. ரியாஸைப் பார்த்துப் பெட்டைத் தூக்கிக் காட்டிவிட்டு, கையுறையைக் கழற்றிக்கொண்டே வெளியே நடக்கத் தொடங்கினார். அடடா, அந்த மனிசர் எவ்வளவு சந்தோசமாக நடந்தார்.

நோ-போல் என்பது போல் கையை விட்டுப் புறப்படும்போதே சொல்ல வேண்டியது. நான் ஸ்டம்ப் விழுந்து, அவர் பத்தடி நடந்த பிறகு சொன்னேன். எல்லாரும் கைதட்டினார்கள். நவாஸ் நானா ஓடிப்போய் அவரைத் தோளில் பிடித்து நிறுத்தினார். ரியாஸ் தன் காலைப் பார்த்தான், கோட்டைப் பார்த்தான், போய் ஸ்டம்பை எடுத்து நட்டான்.

மேஜர் சேர் திரும்பி வந்து என் முன்னால் நின்றார். சிரிப்புப் போய்விட்டிருந்தது.

"இந்த ஒரு போலயாவது எனக்கு விட்டிருக்கலாமே, தம்பி."

அவ்வளவுதான் சொன்னார். இராணுவத்தில் இருந்தவர், மேலிடத்துத் தீர்ப்புக்குக் கீழ்ப்படியப் பழகியவர். அந்த வெயிலில் அன்றைக்கு மேலிடம் நான். கையுறையைத் திரும்ப மாட்டிக்கொண்டு போய் நின்றார். ரியாஸ் அதற்குப் பிறகு மெதுவாகத்தான் போட்டான். முப்பத்திரண்டு ஓட்டம், ஆட்டமிழக்கவில்லை. நாங்கள் அவரைத் தோளில் தூக்கிக்கொண்டு வந்தோம். புரியாணியை அவர் தொடவில்லை, ஒப்பரேசன் பயம் என்று பேசிக்கொண்டோம்.

கொழும்புக்குப் போனவர் திரும்பி வரவில்லை. ஒப்பரேசன் முடிந்து மகள் வீட்டில் சில மாதம் இருந்து அங்கேயே மவுத்தானார். ஊரில் அனுதாபக் கூட்டம் வைத்தோம். செயலாளர் என்ற முறையில் உரையை நான்தான் எழுதினேன், நான்தான் வாசித்தேன். ஒன்பது உயிர்களைத் தோளில் சுமந்த வீரர், எங்கள் மைதானத்தில் ஒருமுறைகூட ஆட்டமிழக்காத வீரர் என்று எழுதினேன். ஏழு பேரை ஒன்பதாக்கியது நவாஸ் நானாவின் யோசனை. இரண்டு என்று தெரிந்த நானே அதை உரத்த குரலில் வாசித்தேன். நிறையப் பேர் அழுதார்கள். நானும் அழுதேன், அது மட்டும் உண்மை.

பிள்ளைகள் நிலத்தை விற்றுவிட்டார்கள். இப்போது அங்கே இறால் தொட்டிகள், சுற்றிவர முள்வேலி. தும்புப் பாயை யாரோ கருவாடு காயப்போட எடுத்துக்கொண்டு போனார்கள். நவாஸ் நானா கட்டார் நாட்டில். கழகம் எப்போது இல்லாமல் போனது என்று செயலாளருக்கே தெரியாது. மைதானம் போனதில் எனக்குப் பெரிய கவலை இல்லை, பாய் போனதிலும் இல்லை. அந்தச் சிரிப்புத்தான் நெஞ்சை அறுக்கிறது. வாழ்நாளில் ஒரு தடவை உண்மையாக அவுட்டாகி, அந்தச் சந்தோசத்தோடு அந்த மனிசர் கொழும்புக்குப் போயிருப்பார். நான் ஒரு விரலை உயர்த்தியிருந்தால் போதும். முழுக் கையையும் நீட்டினேன்.